பாலாறு செக்போஸ்ட்டும் காலாவதியான லைசென்ஸும்

2023 ஜூலை. மஸ்கட்டில் வெயில் மண்டையைப் பிளக்கும் மாதம். பிள்ளைகளுக்குப் பள்ளி விடுமுறை. வழக்கம்போல மூட்டை முடிச்சோடு ஊருக்குப் போய் இறங்கியாச்சு. ஊர் மேட்டூர் பக்கம். ஒரு ஞாயிற்றுக்கிழமை அதிகாலை, அப்பாவின் காரில் அப்பா, அம்மா, தங்கமணி, இரண்டு வாண்டுகள், நான் என்று ஆறு பேரும் மாதேஸ்வரன் மலைக்குக் கிளம்பினோம். ஓட்டியது அடியேன்.

கொளத்தூர், கோவிந்தப்பாடி, காரைக்காடு தாண்டினால் பாலாறு. (வேலூர்க்காரர்கள் மன்னிக்கவும், இது உங்கள் பாலாறு இல்லை. காவிரியில் வந்து சேரும் ஒரு காட்டாறு. பாலத்துக்கு அந்தப் பக்கம் கர்நாடகம்.) என் வயதுக்காரர்களுக்குப் பாலாறு என்றதும் நினைவுக்கு வருவது 1993 ஏப்ரல் 9. வீரப்பன் கும்பல் வைத்த கண்ணிவெடியில் 22 பேர் இறந்த இடம். இன்றும் அந்தப் பாதையில் போகும்போது பெரியவர்கள் ஒரு நிமிடம் பேச்சை நிறுத்துவார்கள்.

பாலம் தாண்டியதும் செக்போஸ்ட். கை காட்டி நிறுத்தினார்கள்.

"டிஎல் தோரிசி சார்."

மணிபர்சில் இருந்து பந்தாவாக எடுத்துக் கொடுத்தேன். 2002-ல் எட்டு போட்டு வாங்கிய லைசென்ஸ். இருபது வருடமாக மணிபர்ஸ் மாறியிருக்கிறதே தவிர லைசென்ஸ் மாறவில்லை. அவர் முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார். பிறகு சுத்தமான தமிழில் சொன்னார்:

"சார், இது முடிஞ்சு எட்டு மாசம் ஆச்சே?"

வாங்கிப் பார்த்தேன். 2022 நவம்பரோடு முடிகிறது என்று தெளிவாகப் போட்டிருக்கிறது. என் கண்ணில் பட்டதே இல்லை. ஓமன் லைசென்ஸை எடுத்து நீட்டினேன். "இன்டர்நேஷனல் பர்மிட் இருக்கா?" என்றார். இல்லை. வெளிநாட்டு லைசென்ஸை மட்டும் வைத்துக்கொண்டு இங்கே ஓட்ட முடியாது, அங்கிருந்தே பர்மிட் எடுத்து வந்திருக்க வேண்டும்.

பின் சீட்டில் இருந்து அப்பா மெதுவாகக் கேட்டார்: "ஏம்பா, நீ பேங்க்லதானே வேலை பாக்கற?"

அதைவிடப் பெரிய அடி வேண்டாம். கஸ்டமர் கொண்டு வரும் செக்கில் தேதி மூன்று மாதம் தாண்டியிருந்தால் ("2012 ஏப்ரலில் இருந்து ஆறு மாதம் கிடையாது சார், மூணு மாதம்தான்") திருப்பி அனுப்புகிற ஆள் நான்.

எஸ்.ஐ. மரியாதையாகத்தான் பேசினார். கேஸ் எழுதி, அபராதத்துக்கு ரசீது கொடுத்தார். தொகை பெரிதில்லை, குடும்பத்தோடு ஒரு நல்ல ஓட்டலில் சாப்பிட்டால் ஆகிற செலவு. "வேற யாருக்காவது லைசென்ஸ் இருக்கா? நீங்க ஓட்டக்கூடாது" என்றார். தங்கமணியிடம் இருந்தது. 2009-ல் எடுத்தது, 2029 வரை செல்லும். மீதி மலைப்பாதை முழுவதும், கொண்டை ஊசி வளைவுகள் உட்பட, அம்மணிதான் ஓட்டினார். நான் பக்கத்து சீட்டில் பையன்கள் சிரிப்பதைக் கேட்டுக்கொண்டு வந்தேன்.

இதோடு முடிந்திருந்தால் இது ஒரு அசட்டுக் கதை. ஆனால் அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன். அதற்கு முன் கொஞ்சம் சரித்திரம்.

தாத்தாவின் சிவப்புப் புத்தகம்

என் தாத்தா லாரி டிரைவர். இதே மேட்டூர் - கொள்ளேகால் பாதையில்தான் மூங்கிலும் விறகும் ஏற்றி ஓட்டியவர். அவர் ஓட்ட ஆரம்பித்தபோது பாலாற்றில் எல்லை கிடையாது. இரண்டு கரையும் சென்னை மாகாணம்தான். கொள்ளேகால் தாலுகா அன்று கோயம்புத்தூர் ஜில்லாவில் இருந்தது. 1956 நவம்பர் 1-ம் தேதி மொழிவாரி மாநிலங்கள் அமைந்தபோது கொள்ளேகால் மைசூர் மாநிலத்துக்குப் போனது. மைசூர் மாவட்டத்தில் இருந்து, 1997-ல் சாமராஜநகர் தனி மாவட்டமாகப் பிரிந்தது. "காலைல போறப்ப நம்ம ஊரு, சாயங்காலம் வர்றப்ப வேற ராஜ்ஜியம்" என்று தாத்தா சொல்வாராம்.

அவருடைய லைசென்ஸ் ஒரு சின்னச் சிவப்புப் புத்தகம். இன்னும் அப்பாவின் பீரோவில் இருக்கிறது. உள்ளே பக்கம் பக்கமாக ரப்பர் ஸ்டாம்ப். மூன்று வருடத்துக்கு ஒரு முறை புதுப்பித்த முத்திரை. கூலிக்கு வண்டி ஓட்டுபவர்களுக்கு அன்று அவ்வளவுதான் காலம். ஒரு முத்திரைகூடத் தவறவில்லை. தாத்தா மூன்றாம் வகுப்பு. பேரன் பி.காம். (நோட் பண்ணிக்கொள்ளுங்கள்.)

தவறாததற்குக் காரணம் இருக்கிறது. அவருக்கு லைசென்ஸ்தான் சோறு. முதலாளி மாதம் பிறந்தால் புத்தகத்தை வாங்கித் தேதி பார்ப்பாராம். எனக்கோ அது மணிபர்சில் ஒரு அட்டை.

லைசென்ஸ் என்ற காகிதம் எப்படி வந்தது?

வண்டி ஓட்ட அனுமதிச் சீட்டு வேண்டும் என்ற யோசனைக்கு வயது நூற்று முப்பது சொச்சம். 1893-ல் பாரிஸ் போலீஸ் அதற்கு உத்தரவு போட்டது. இங்கிலாந்தில் 1903-ல் சட்டம் வந்து, 1904 ஜனவரி முதல் லைசென்ஸ் கட்டாயம். ஐந்து ஷில்லிங் கட்டினால் போதும், டெஸ்ட் எதுவும் கிடையாது! கட்டாய டெஸ்ட் அங்கே வந்தது 1935-ல்தான். அதாவது முதல் முப்பது வருடம், ஓட்டத் தெரியுமா என்று அரசு கேட்கவே இல்லை. நீ யார், உன்னை எங்கே பிடிக்கலாம் என்பதற்கான பதிவுதான் லைசென்ஸ்.

இந்தியாவுக்கு முழுமைக்குமான முதல் மோட்டார் வாகனச் சட்டம் 1914-ல் வந்தது. அதற்குப் பதிலாக விரிவான சட்டம் 1939-ல். அதுவும் பிரிட்டிஷ் இந்தியாவுக்கு மட்டும். மைசூர் போன்ற சமஸ்தானங்கள் தனி. அவையெல்லாம் இந்தியாவோடு இணைந்த பிறகு 1951-ல்தான் இந்தச் சட்டம் அங்கேயும் நீட்டப்பட்டது. இன்று பாலாற்றுப் பாலத்தைத் தாண்டினால் மாநிலம் மாறும், பெயர்ப்பலகை எழுத்து மாறும், லைசென்ஸ் செல்லுபடி மாறாது. இந்தியாவில் எங்கே வாங்கினாலும் எங்கும் செல்லும். எங்கே காலாவதியானாலும் எங்கும் காலாவதிதான்!

இப்போது நாம் பார்ப்பது 1988-ம் வருடச் சட்டம். 1989 ஜூலை 1 முதல் அமல். நம் தலைமுறையை மாட்டிவிட்டது இதில் உள்ள ஒரு தாராளம்தான். சொந்த வண்டி ஓட்டுபவர்களுக்கு லைசென்ஸ் இருபது வருடம் அல்லது ஐம்பது வயதுவரை, எது முந்தியோ அதுவரை. தாத்தாவுக்கு மூன்று வருடம், எனக்கு இருபது. இருபத்திரண்டு வயதில் வாங்கியவனுக்கு நாற்பத்திரண்டில் முடியும். நடுவில் கல்யாணம், விசா, பிள்ளைகள், வீட்டு லோன், இரண்டு நாடு, நான்கு வீடு. யாருக்கு நினைவிருக்கும்? யாரும் கடிதம் போட்டு நினைவூட்டவும் மாட்டார்கள். அன்று கொடுத்த விலாசத்தில் இப்போது நாம் இல்லை, போன் நம்பர் அன்று இல்லவே இல்லை.

அந்தச் சட்டத்தில் ஒரு சலுகையும் இருந்தது. தேதி முடிந்த பிறகும் 30 நாள் லைசென்ஸ் செல்லும். முப்பது நாளுக்குள் மனுப் போட்டால் இடைவெளியே இல்லாமல் தொடரும். ஐந்து வருடத்துக்கு மேல் விட்டால்தான் மறுபடி டெஸ்ட்.

2019-ல் சட்டத்தைத் திருத்தினார்கள். 2019 செப்டம்பர் 1 முதல் அமலுக்கு வந்த மாற்றங்கள் இவை:

- 30 நாள் சலுகை போயே போச்சு. தேதி முடிந்த மறுநாளே லைசென்ஸ் இல்லாதவர் கணக்கு.
- புதுப்பிக்க முடியும் தேதிக்கு ஒரு வருடம் முன்பே மனுப் போடலாம். முடிந்து ஒரு வருடம்வரையும் போடலாம். ஆனால் அப்படிப் புதுப்பித்தால் புதுப்பித்த தேதியில் இருந்துதான் உயிர் வரும். நடுவில் விட்ட காலம் விட்டதுதான்.
- ஒரு வருடம் தாண்டினால் மறுபடி எட்டு போட வேண்டும். (முன்பு ஐந்து வருடம்.)
- காலமும் மாறியது. முப்பது வயதுக்குள் வாங்கினால் நாற்பது வயதுவரை. முப்பதில் இருந்து ஐம்பதுக்குள் என்றால் பத்து வருடம். ஐம்பதில் இருந்து ஐம்பத்தைந்துக்குள் அறுபது வயதுவரை. அதற்கு மேல் ஐந்தைந்து வருடம்.

அபராதமும் ஏறியது. செல்லுபடியாகும் லைசென்ஸ் இல்லாமல் ஓட்டினால் பழைய சட்டத்தில் 500 ரூபாய் வரை அபராதம் அல்லது மூன்று மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். திருத்தத்தில் 500 என்பது 5,000 ஆனது. அப்படிப்பட்டவர் கையில் வண்டியைக் கொடுத்த சொந்தக்காரருக்கும் தனியாக 5,000. கர்நாடகம் உட்படச் சில மாநிலங்கள் ஸ்பாட்டில் வாங்கும் தொகைகளில் சிலவற்றைக் குறைத்தன. தமிழ்நாட்டில் புதிய அபராதங்கள் 2022 அக்டோபரில் அமலுக்கு வந்தன.

கொரோனா காலத்தில் மட்டும் அரசு இறங்கி வந்தது. 2020 பிப்ரவரி 1-க்குப் பிறகு முடிந்த லைசென்ஸ்களை எல்லாம் செல்லும் என்று நீட்டித்துக்கொண்டே வந்து, 2021 அக்டோபர் 31-ஓடு நிறுத்திவிட்டார்கள். "கொரோனாவுக்காக நீட்டிச்சாங்களே, என்னுதும் அதுல வரும்" என்று இன்னமும் சொல்லும் நண்பர்கள் உண்டு. வராது சாமி.

அபராதம் சில்லறை. இன்ஷூரன்ஸ்தான் மேட்டர்

இங்கேதான் என் தூக்கம் போன கதை வருகிறது.

அன்று காலை கொளத்தூருக்கு முன்னால், டிவிஎஸ் ஃபிப்டியில் புல்லுக்கட்டு வைத்துக்கொண்டு ஒருவர் சந்தில் இருந்து சட்டென்று ரோட்டுக்கு ஏறினார். பிரேக்கை மிதித்தேன். வண்டி ஒரு முழம் தள்ளி நின்றது. அவர் திரும்பிப் பார்த்து, ஒரு கையை உயர்த்தி "போங்க போங்க" என்றுவிட்டுப் போய்விட்டார். அம்மா "முருகா" என்றார். அவ்வளவுதான்.

பாலாற்றுக்குப் பிறகு அந்த ஒரு முழம் என் மண்டைக்குள்ளேயே நின்றது. அது இல்லாமல் இருந்திருந்தால்?

பேங்க் ஆள் அல்லவா, கணக்குப் போட்டுப் பார்த்தேன். விபத்தில் ஒருவர் இறந்தால் நஷ்ட ஈட்டை எப்படிக் கணக்கிடுவது என்று உச்ச நீதிமன்றம் 2009-ல் சரளா வர்மா வழக்கிலும், 2017-ல் பிரணய் சேத்தி வழக்கிலும் வழிமுறை சொல்லியிருக்கிறது. 35 வயது, சொந்தத் தொழில், மாதம் 25,000 வருமானம், வீட்டில் அவரை நம்பி நாலு பேர் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

வருட வருமானம் 3,00,000.
எதிர்காலத்தில் கூடும் வருமானத்துக்காக 40 சதவீதம் சேர்த்தால் 4,20,000.
அவருடைய சொந்தச் செலவுக்காக நான்கில் ஒரு பங்கு கழித்தால் 3,15,000.
அந்த வயதுக்கான பெருக்கல் எண் 16.
ஆக மொத்தம் 50,40,000 ரூபாய். ஈமச் செலவு போன்ற சில தொகைகளும் வட்டியும் தனி.

அரைக் கோடி! இதைச் சாதாரணமாக யார் கொடுப்பார்கள்? இன்ஷூரன்ஸ் கம்பெனி. அதற்காகத்தான் மூன்றாம் நபர் இன்ஷூரன்ஸ் இந்தியாவில் 1946-ல் இருந்து கட்டாயம். உயிருக்கும் காயத்துக்கும் அந்த பாலிசியில் உச்சவரம்பும் கிடையாது. ஆனால் சட்டமே கம்பெனிக்கு ஒரு கதவைத் திறந்து வைத்திருக்கிறது. ஓட்டியவர் முறையான லைசென்ஸ் இல்லாதவர் என்றால் கம்பெனி ஆட்சேபிக்கலாம்.

ஒரு சின்ன சரித்திரத் தகவல். பழைய பாலிசிகளில் ஓட்டுபவர் "லைசென்ஸ் வைத்திருப்பவர், அல்லது முன்பு வைத்திருந்து தகுதி இழக்காதவர்" என்ற பொருளில் ஒரு வரி இருக்கும். காலாவதி ஆனவர்கள் அந்த "முன்பு வைத்திருந்து" என்பதைப் பிடித்துக்கொண்டு கரையேறினார்கள். இப்போதைய பாலிசியில் விபத்து நடந்த நேரத்தில் செல்லுபடியாகும் லைசென்ஸ் வேண்டும் என்று இருக்கும். உங்கள் பாலிசியை எடுத்து, ஓட்டுநர் பற்றிய பகுதியை ஒரு முறை படித்துப் பாருங்கள்.

இந்த ஆட்சேபத்தைக் கோர்ட்டுகள் எப்படிப் பார்த்தன? முக்கியமானது 2004 ஜனவரியில் மூன்று நீதிபதிகள் தந்த ஸ்வரண் சிங் தீர்ப்பு. அதன் சாரம்: லைசென்ஸ் இல்லை என்று காட்டினால் மட்டும் கம்பெனி தப்பிக்க முடியாது. வண்டியின் சொந்தக்காரர் தேவையான கவனம் எடுக்கவில்லை என்பதையும் கம்பெனிதான் நிரூபிக்க வேண்டும். அடிபட்டவர் நடுத்தெருவில் நிற்கக்கூடாது என்பதால், கம்பெனி முதலில் அவருக்குப் பணம் கொடுத்துவிட்டு, பிறகு சொந்தக்காரரிடம் வசூலித்துக்கொள்ளும்படியும் உத்தரவிடலாம்.

"முதலில் கொடு, பிறகு வசூலி" என்ற இந்த ஏற்பாட்டைக் கேட்டால் பலர் நிம்மதியாகி விடுகிறார்கள். "அதான் கம்பெனி கட்டிடுமே!" ஐயா, கம்பெனி கட்டுவது அடிபட்டவருக்கு. அது நியாயம், நல்ல விஷயம். ஆனால் மறுநாள் அதே தொகைக்கு உங்கள் வீட்டு வாசலில் வந்து நிற்கும். வசூல் என்றால் என்னவென்று எங்கள் டிபார்ட்மெண்டைக் கேளுங்கள். வீடு, நிலம், டெபாசிட் எல்லாம் அதில் வரும்.

காலாவதி லைசென்ஸ் விஷயத்தில் அடுத்து வந்த தீர்ப்புகள் இன்னும் கறார். 2007-ல் வந்த ஜர்னைல் சிங் வழக்கில், 1994 மே மாதம் லைசென்ஸ் முடிந்தது. அக்டோபரில் விபத்து. புதுப்பித்தது 1996-ல். கம்பெனி பொறுப்பில்லை என்றது உச்ச நீதிமன்றம். 2008-ல் இன்னொரு வழக்கு. அதில் 2003 டிசம்பரில் முடிந்த லைசென்ஸ், 2004 ஜூனில் விபத்து, 2005 மே மாதம் புதுப்பித்தார்கள். அதாவது முடிந்து ஆறே மாதத்தில் விபத்து. என்னுடையது எட்டு மாதம். அங்கேயும் அதே முடிவு. பின்னால் போய்ப் புதுப்பித்தால் முன்னால் நடந்ததைக் காப்பாற்றாது. 2025-லும் தெலங்கானா போலீஸ் டிரைவர் தேர்வு பற்றிய வழக்கில், தேதி முடிந்தபின் புதுப்பிக்கும்வரை உள்ள இடைவெளியில் லைசென்ஸ் இருந்ததாகக் கொள்ள முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

என்னை உலுக்கியது 2020 செப்டம்பரில் வந்த பேலி ராம் வழக்கு. ஹிமாசலப் பிரதேசத்தில் ஒரு டிரக் சொந்தக்காரர். அவருடைய டிரைவருக்கு 1996-ல் லைசென்ஸ் முடிந்துவிட்டது. 1999-ல் விபத்து, டிரைவருக்கே காயம். நஷ்ட ஈடு யார் தருவது? கோர்ட் சொன்னது இதுதான்: லைசென்ஸ் போலியா அசலா என்று சொந்தக்காரர் ஆர்டிஓ ஆபீஸ் போய் விசாரிக்க வேண்டியதில்லை. ஆனால் அதன் மேலேயே எழுதியிருக்கும் தேதியைப் பார்க்க வேண்டாமா? மூன்று வருடமாகப் பார்க்கவில்லை என்றால் அது கவனக்குறைவு. பணத்தைச் சொந்தக்காரர்தான் கட்ட வேண்டும்.

இதைப் படித்துவிட்டு ஆர்.சி. புத்தகத்தை எடுத்துப் பார்த்தேன். சொந்தக்காரர் இடத்தில் அப்பாவின் பெயர்.

ஓட்டியவன் நான். ஆனால் அந்த ஒரு முழம் தவறியிருந்தால் கோர்ட் வாசலில் என்னோடு சேர்ந்து நின்றிருக்கப் போவது அப்பா. நான் பதினைந்து நாளில் ஃபிளைட் ஏறிவிடுவேன். நோட்டீஸ் போவது மேட்டூர் விலாசத்துக்கு. அவரிடம் இருப்பது முப்பத்தைந்து வருட உழைப்பில் கட்டிய ஒரு வீடும், ரிடையர்மெண்ட் பணத்தில் போட்ட டெபாசிட்டும். "உன் மகனிடம் சாவி கொடுக்கும் முன் லைசென்ஸில் தேதி பார்த்தாயா?" என்று வக்கீல் கேட்டால் அவர் என்ன சொல்வார்? இரண்டு வருடம் கழித்து வந்த மகனிடம் "பாத்து ஓட்டுப்பா" என்று சாவியைக் கொடுப்பார்களே தவிர, லைசென்ஸைக் காட்டு என்று கேட்கும் அப்பா நம் ஊரில் உண்டா?

ஸ்வரண் சிங் தீர்ப்பை வைத்து வாதாடியிருக்கலாம். ஜெயித்தும் இருக்கலாம். ஆனால் எழுபத்து நாலு வயதில் ஒருவர் வாய்தா வாய்தாவாக அலைய வேண்டிய வாதமா அது? அந்த நேரத்தில் லைசென்ஸ் புதுப்பிக்க எனக்கு ஆகியிருக்கக்கூடிய நேரம் அரை நாள்.

பிறகு என்ன செய்தேன்?

திங்கட்கிழமை காலையிலேயே வேலையைத் தொடங்கினேன். ஒரு வருடக் கெடு முடிய இன்னும் நாலு மாதம் இருந்தது நல்ல காலம். அடுத்த விடுமுறை என்று விட்டிருந்தால் மறுபடி எட்டுதான். நாற்பது வயது தாண்டிவிட்டதால் டாக்டர் சர்டிபிகேட் வேண்டும். கண், காது பார்த்து எழுதிக் கொடுத்தார். சாரதி தளத்தில் விண்ணப்பம், பணம், பிறகு ஆர்டிஓ ஆபீசில் போட்டோ. ஊரை விட்டுக் கிளம்பும் முன் கார்டு கைக்கு வந்துவிட்டது. இப்போது 2033 வரை. கார்டு வரும்வரை வண்டியைத் தொடவில்லை. தங்கமணியும் ஆக்டிங் டிரைவரும்தான்.

நம்மைப் போல வெளியூரில் இருப்பவர்களுக்குச் சில விஷயங்கள்:

1. இந்தப் பக்கத்தை மூடும் முன் உங்கள் இந்திய லைசென்ஸை எடுத்துத் தேதியைப் பாருங்கள். 1998-ல் இருந்து 2008 வரை வாங்கியவர்கள் குறிப்பாக. அந்த இருபது வருடம் இப்போதுதான் வரிசையாக முடிந்துகொண்டிருக்கிறது.

2. முடிய ஒரு வருடத்துக்குள் இருந்தால் இந்த விடுமுறையிலேயே புதுப்பித்துவிடுங்கள். தேதிக்கு ஒரு வருடம் முன்பே செய்யலாம் என்பது நமக்காகவே வைத்தது போன்ற வசதி.

3. பழைய புத்தக லைசென்ஸ் என்றால் அது சாரதி தளத்தில் ஏறியிருக்கிறதா என்று முன்கூட்டியே பார்த்துக்கொள்ளுங்கள். ஏறவில்லை என்றால் முதலில் அதைச் சரிசெய்ய வேண்டும். அதற்கும் சேர்த்து நாள் ஒதுக்குங்கள்.

4. இந்திய லைசென்ஸை விட்டே விட்டீர்கள் என்றால், இருக்கும் நாட்டிலேயே இன்டர்நேஷனல் பர்மிட் எடுத்துக்கொண்டு வாருங்கள். அது இந்தியாவில் ஏற்கப்படும் வகையா என்றும் அங்கேயே கேட்டுக்கொள்ளுங்கள்.

5. ஊரில் அப்பா அம்மாவுக்கு வண்டி ஓட்டும் டிரைவர், மச்சான், பக்கத்து வீட்டுப் பையன் யாராக இருந்தாலும் தேதியைப் பார்க்கச் சொல்லுங்கள். டிஜிலாக்கரில் காட்டினாலும் சரி, அது செல்லும். கூச்சமாக இருந்தால் என் கதையைச் சொல்லிவிட்டுக் கேளுங்கள்.

6. ஆர்.சி. யார் பெயரில் இருக்கிறதோ அவருக்குத்தான் பாரம். அதை மறக்க வேண்டாம்.

கடைசியாக ஒன்று. போன வருடமும் ஊருக்குப் போயிருந்தேன். மறுபடி மாதேஸ்வரன் மலை. காலையில் சாவி கேட்டேன். அப்பா பீரோவைத் திறந்தார். சாவியோடு தாத்தாவின் சிவப்புப் புத்தகமும் கையில் இருந்தது. புத்தகத்தை மேஜைமேல் வைத்துவிட்டுக் கையை நீட்டினார்.

"லைசென்ஸ எடு."

எடுத்துக் கொடுத்தேன். கண்ணாடியை மாட்டிக்கொண்டு தேதியைப் படித்தார். "ரெண்டாயிரத்து முப்பத்து மூணு" என்று வாய்விட்டுச் சொன்னார். அப்புறம்தான் சாவி.

பாலாறு செக்போஸ்ட்டில் அன்று யாரும் நிறுத்தவில்லை. நிறுத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று தோன்றியது :-)

டிஸ்கி: நான் வக்கீல் இல்லை, கணக்குப் பிள்ளை. மேலே சொன்ன தீர்ப்புகள் பொதுவான புரிதலுக்கு. வழக்கு என்று வந்துவிட்டால் நல்ல வக்கீலைப் பாருங்கள். வராமல் இருக்கத் தேதியைப் பாருங்கள்.